அமைதின்னா சும்மா வருமா?

"உங்க ஊர் எவ்வளவு அமைதியா இருக்குடா!" சென்னையிலிருந்து வந்த நண்பன் எங்கள் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து இதைச் சொன்னபோது எனக்குச் சுருக்கென்றது. எதிர்வீட்டுக்காரர்கள் திருப்பூர் பனியன் கம்பெனிக்குப் போய் ஆறு வருஷமாகிறது. பக்கத்து வீட்டு அண்ணன் குவைத்தில் இருக்கிறார். கண்மாய் போன வருஷமும் பெருகவில்லை, தவளைகூடக் கத்தவில்லை. பூட்டிய வீடுகள் வரிசையாக நிற்கும் அந்தத் தெருவைப் படமெடுத்து 'நிம்மதி' என்று போட்டான். லைக்குகள் குவிந்தன.

ஆள் இல்லாததுக்குப் பேர் அமைதி இல்லை.

அமைதியைப் பார்க்கணும்னா எங்கள் சிவகங்கை மாவட்டத்திலேயே, திருப்பத்தூர் பக்கம் கொள்ளுக்குடிப்பட்டிக்குப் போங்கள். வேட்டங்குடி பறவைகள் சரணாலயம் அங்கேதான் இருக்கிறது. ஐப்பசி மழையில் கண்மாய் நிறையும்போது நத்தைகுத்தி நாரைகள் வந்து தண்ணீருக்குள் நிற்கும் மரங்களில் கூடு கட்டும். தீபாவளியும் அந்தச் சமயத்தில்தான் வந்து தொலைக்கும். அந்த ஊரில் பல பத்தாண்டுகளாக வெடி போடுவதில்லை. கல்யாணம், கோயில் திருவிழா எதற்கும் கிடையாது. அரசாங்கம் அதைச் சரணாலயமாக அறிவித்தது 1977இல். பலகை நட்டுவிட்டால் மட்டும் ஒரு ஊர் கையைக் கட்டிக்கொள்ளுமா? எத்தனை கண்மாயில் பலகை துருப்பிடித்து நிற்கிறது!

எட்டு வயசுப் பையனிடம் தீபாவளியன்றைக்கு ஒரு ஓலைவெடிகூடக் கிடையாது என்று சொல்லிப் பாருங்கள். அங்கே ஒவ்வொரு வீட்டிலும், ஒவ்வொரு வருஷமும், யாராவது ஒருத்தர் அதைச் சொல்லியாக வேண்டும். அவனும் அழுது முடித்து ஒத்துக்கொள்ள வேண்டும். வனத்துறை இனிப்புக் கொடுக்கும். நாமோ மறுநாள் செய்தியைப் படித்துவிட்டு 'வெள்ளந்தி மனிதர்கள்' என்று உருகுவோம். அந்தச் சொல்லைக் கேட்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. பறவை எச்சம் கலந்த கண்மாய்த் தண்ணீர் வயலுக்கு உரம் என்று கணக்குத் தெரிந்தவர்கள் அவர்கள். ஊர் கூடி எடுத்த முடிவை வெகுளித்தனம் என்பது பாராட்டு இல்லைங்க, அவமரியாதை.

நண்பன் கொல்லைப்பக்கமும் போனான். அவரைப் பந்தல், கனகாம்பரம், மிளகாய்ச்செடி, ஒரு பப்பாளி. "இதெல்லாம் தானா வளருதாம்மா?" என்று கேட்டான். அம்மா சிரித்தாள். பாத்திரம் கழுவும் தண்ணீரை ஒரு சொட்டு வீணாக்காமல் பாத்தியில் விடுகிறாள். கோடையில் தெருக்குழாயில் காத்துக்கிடந்து பிடிக்கும் குடங்களில் ஒன்று கனகாம்பரத்துக்கு. இடுப்புவலித் தைலம் அடுப்படி அலமாரியில் நிரந்தரமாக இருக்கிறது. அவன் போட்ட படத்தில் அது இல்லை. 'நம் மண்ணின் பாரம்பரியச் செடிகள்' என்று மட்டும் எழுதியிருந்தான். (மிளகாயும் பப்பாளியும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து கப்பலேறி வந்தவை. அவற்றை நம்முடையதாக்கியது மண் மட்டும் இல்லை, இந்தக் குடங்களும்தான்.)

பொங்கலுக்கு மறுபடி வருகிறானாம். "வரட்டும், வேலியில ரெண்டு பக்கம் சாஞ்சு கெடக்கு, முள்ளு வெட்டணும்" என்றாள் அம்மா.