உச்சிக் கிளை என்று ஒன்று இல்லை

1859-இல் வெளிவந்த டார்வினின் ‘உயிரினங்களின் தோற்றம்’ நூலில் இருந்த ஒரே படம், கிளை பிரிந்து செல்லும் கோடுகள்தான். அதில் எந்தக் கோட்டுக்கும் மகுடம் இல்லை. 1874-இல் எர்ன்ஸ்ட் ஹெக்கல் வரைந்த மரத்திலோ தடித்த அடிமரமும் அதன் உச்சியில் மனிதனும் இருந்தார்கள். நம் பேச்சில் நிலைத்தது ஹெக்கலின் படம்தான். பரிணாமம் ஓர் ஏணி, கீழ்ப்படியில் மாறாத பழைய உயிர்கள், மேற்படியில் முன்னேறியவை என்பது அது வலுப்படுத்திய நம்பிக்கை. அதற்கு ஆதரவாகச் சொல்லப்படும் நான்கு வாதங்களைப் பார்ப்போம்.

1. ‘குரங்கிலிருந்து மனிதன் வந்தான் என்றால், குரங்கு ஏன் இன்னும் குரங்காகவே இருக்கிறது?’

இன்று வாழும் எந்தக் குரங்கிலிருந்தும் நாம் வரவில்லை. நம் கொடிவழியும் சிம்பன்சியின் கொடிவழியும் ஏறத்தாழ 60 முதல் 70 லட்சம் ஆண்டுகளுக்கு முன் ஒரு பொது மூதாதையிடமிருந்து பிரிந்தன. அந்த மூதாதை மனிதனும் அல்ல, சிம்பன்சியும் அல்ல. பெரியப்பா மகன் நமக்குப் பாட்டன் ஆகமாட்டான். பாட்டன் இருவருக்கும் பொது. பிரிந்த பின் சிம்பன்சியின் கிளையும் சும்மா இருக்கவில்லை. 10 முதல் 20 லட்சம் ஆண்டுகளுக்கு முன் அதிலிருந்து பொனோபோ பிரிந்தது. இவ்விரண்டில் மனிதனுக்கு எது நெருக்கம்? இரண்டும் சமம். உறவைச் சொல்வது கிளைகள் சந்திக்கும் கணுதான். நுனிகள் தாளில் நிற்கும் வரிசைக்குப் பொருளே இல்லை. கணுவில் கிளைகளை இடம் மாற்றி மனிதனை இடது ஓரத்தில் வரைந்தாலும் வலது ஓரத்தில் வரைந்தாலும் அது அதே மரம்தான்.

2. ‘சில உயிர்கள் கோடிக்கணக்கான ஆண்டுகளாக மாறவே இல்லை, அவை வாழும் புதைபடிவங்கள்.’

1938-இல் தென்னாப்பிரிக்கக் கடலில் சிக்கிய சீலகாந்த் மீன் இந்த வாதத்தின் செல்லப்பிள்ளை. டைனோசர்களோடு அழிந்துவிட்டதாக எண்ணப்பட்ட கூட்டத்தைச் சேர்ந்தது என்பது மெய். ஆனால் வலையில் சிக்கியது பாறைகளில் கிடைத்த அதே மீன் அல்ல; தனிப் பேரினம். 2013-இல் அதன் மரபணுத்தொகுதியைப் படித்தபோது, புரதங்களை உருவாக்கும் மரபணுக்கள் நிலவாழ் முதுகெலும்பிகளில் இருப்பதைவிட மெதுவாக மாறியிருப்பது தெரிந்தது. மெதுவாக மாறியது வேறு, மாறாமல் நின்றது வேறு.

சைகஸ் கூட்டத் தாவரங்களின் கதை இன்னும் தெளிவானது. இந்தக் கூட்டம் தோன்றி 25 கோடி ஆண்டுகளுக்கு மேலாகிறது. டைனோசர் படங்களில் எல்லாம் இதற்கு ஓரிடம் உண்டு. ஆகவே இன்றுள்ள 300-க்கும் மேற்பட்ட இனங்களும் அன்று முதல் நின்றவை என்றே நம்பப்பட்டது. 2011-இல் நதாலி நாகலிங்கம் குழு அவற்றின் டி.என்.ஏ.விலிருந்து மரம் வரைந்தபோது, இன்றைய இனங்களில் பெரும்பாலானவை சுமார் 1.2 கோடி ஆண்டுகளுக்கு உட்பட்டவை என்று தெரியவந்தது. பின்வந்த சில கணக்குகள் அந்தக் காலத்தை முன்னே கொண்டுபோனாலும், டைனோசர் காலம் வரை கொண்டுபோகவில்லை. கூட்டம் பழையது, இனங்கள் இளையவை. தோற்றத்தை மட்டும் பார்த்தவர்களுக்கு இது தெரிய வழியில்லை.

3. ‘பரிணாமம் எளிமையிலிருந்து சிக்கலை நோக்கியே செல்கிறது.’

பாடப்புத்தகத்தில் முதுகெலும்பிகளுக்கு அடுத்த படியில் நிற்பது மீன்போன்ற வடிவம் கொண்ட ஆம்பியாக்சஸ். பாறையில் ஒட்டிக்கொண்டு, பைபோல இருந்து நீரை வடிகட்டி உண்ணும் ட்யூனிகேட் அதற்கும் கீழே. 2006-இல் வெளியான மரபணு ஆய்வு இந்த வரிசையைக் கவிழ்த்தது. நமக்கு நெருங்கிய உறவு அந்தப் பைதான்! அதன் இளவுயிரிக்கு வாலும் முதுகுநாணும் உண்டு. வளர்ந்தபின் அவற்றை இழந்துவிடுகிறது. தலைமுறைகளின் ஓட்டத்தில் பாம்பு கால்களையும், திமிங்கலம் பின்னங்கால்களையும் இழந்தன. இழப்பதும் பரிணாமமே.

4. ‘இனங்கள் மலிந்த கிளை வென்றது; ஒன்றிரண்டே மிஞ்சிய கிளை தோற்றது.’

ஆப்பிரிக்காவின் விக்டோரியா ஏரி ஏறத்தாழ 15,000 ஆண்டுகளுக்கு முன் வற்றிக் கிடந்தது. மீண்டும் நிறைந்தபின் அதில் சிக்ளிட் மீன்கள் சுமார் 500 இனங்களாகப் பெருகின. அதே ஏரியின் கெளுத்திகள் அப்படிப் பெருகவில்லை. புதிய நீர்நிலையும், இரு மூதாதைக் கிளைகள் கலந்ததால் கிடைத்த மரபணு வளமும் சிக்ளிட்களுக்குக் கைகொடுத்தன. வாய்த்த சூழலின் கணக்கு அது; தகுதிக்கான மதிப்பெண் அல்ல.

மறுபக்கம் யானையைப் பாருங்கள். இன்று மூன்றே இனங்கள். புதைபடிவங்களைச் சேர்த்தால் அதன் பெருங்கூட்டத்தில் 150-க்கும் மேற்பட்ட இனங்கள். ஆசிய யானைக்கு நெருங்கிய உறவு ஆப்பிரிக்க யானை அல்ல, அழிந்துபோன மம்மூத். உயிரோடு இருப்பவற்றை மட்டும் எண்ணினால் இவ்வளவும் மறைந்துவிடும். மரத்தைக் கொண்டாடுவோருக்கும் இங்கே ஓர் எச்சரிக்கை உண்டு. வாழும் இனங்களை மட்டும் வைத்து வரைந்த ஒரே மரத்துக்கு, தோற்றமும் அழிவும் வெவ்வேறு வேகத்தில் நடந்த எண்ணற்ற வரலாறுகள் பொருந்தும் என்று 2020-இல் ஆய்வாளர்கள் லூக்காவும் பென்னலும் கணிதவழி காட்டினார்கள். எது நடந்தது என்பதைத் தெரிவு செய்யப் புதைபடிவங்கள் வேண்டும்.

ஆக, மரம் சொல்வது யார் யாருக்கு உறவு, எப்போது பிரிந்தார்கள் என்பதை. யார் உயர்ந்தவர் என்பது அதில் எழுதப்படவே இல்லை. இது ஏட்டுச் சண்டை மட்டுமன்று. சைகஸ் கூட்டம் இன்று உலகிலேயே அழிவின் நெருக்கடி மிகுந்த தாவரக் கூட்டங்களில் ஒன்று. நம் மேற்குத் தொடர்ச்சி மலையின் சைகஸ் சிர்சினாலிஸும் அந்த நெருக்கடியில் இருக்கிறது. ‘காலம் கடந்த செடி, போகிற காலம் வந்துவிட்டது’ என்று ஏணிக் கதை அதற்கு முன்கூட்டியே இரங்கல் எழுதிவிடும். அது வயதாகிச் சாகவில்லை. காடழிப்பாலும் திருட்டாலும் வெட்டுப்படும் இளங்கிளைகளைக் காப்பதும் விடுவதும் நம் பொறுப்பு. பழியைப் பரிணாமத்தின்மேல் போட முடியாது.