அந்தப் பத்து சதவீதத்தைக் கொடுத்தால் என்ன?

‘ஹவாய் ஃபைவ்-ஓ’ என்ற அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரின் எட்டாவது சீசன் 2017இல் நடிகர்கள் டேனியல் டே கிம்மும் கிரேஸ் பார்க்கும் இல்லாமலே தொடங்கியது. கிம் நடித்த சின் ஹோ கெல்லி சான் பிரான்சிஸ்கோவில் புதிய பொறுப்புக்குப் போய்விட்டார், பார்க் நடித்த கோனோ ஒரு வழக்கின் பின்னால் நெவாடாவுக்குப் போய்விட்டார் என்று கதையில் காரணம் சொல்லியாயிற்று. கதைக்கு வெளியே நடந்தது அந்த ஆண்டு ஜூன் கடைசியிலிருந்தே ஊரறிந்த செய்தி. உடன் நடித்த அலெக்ஸ் ஓ’லாக்லின், ஸ்காட் கான் இருவரும் வாங்கிய சம்பளத்தைத் தங்களுக்கும் தரும்படி கேட்டார்கள். தொடரை ஒளிபரப்பிய தொலைக்காட்சி நிறுவனம் இறங்கிவரவில்லை. ஏழு சீசன், 168 எபிசோட் உழைத்தவர்கள் வெளியேறினார்கள். நிறுவனத்தின் இந்த முடிவு தவறு. காலம் கழிந்த பிறகும் அந்தத் தவறு சிறிதும் ஆறவில்லை.

நிறுவனம் கடைசியாக முன்வைத்த தொகை, ஓ’லாக்லின், கான் இருவரின் சம்பளத்தைவிட 10 முதல் 15 சதவீதம் குறைவு என்று செய்திகள் வந்தன. அவர்களுக்குத் தொடரின் வருவாயிலும் பங்கு இருந்ததால் உண்மையான இடைவெளி இன்னும் பெரிது. நாங்கள் நல்ல உயர்வு தர முன்வந்தோம், அவர்களை இழக்க விரும்பவில்லை என்பது நிறுவனம் தந்த விளக்கம். கிம்மும் பார்க்கும் உயர்வு போதவில்லை என்று சண்டை போடவில்லை. பக்கத்தில் நிற்பவருக்குக் கொடுப்பதை எங்களுக்கு ஏன் குறைக்கிறீர்கள் என்று கேட்டார்கள். அதற்குப் பதில் கிடைக்கவில்லை. உலகம் முழுவதும் விற்கப்பட்ட ஒரு தொடரின் செலவில் அந்தப் பத்து சதவீதம் ஒரு மூலைக்குக் காணாது. அதைப் பிடித்துவைத்ததால் மிச்சமான பணம் கொஞ்சம்தான். யார் முன்னால், யார் பின்னால் என்ற வரிசை கலையாமல் இருக்க வேண்டும் என்பதுதான் அவர்களுக்கு முக்கியமாக இருந்திருக்கிறது.

ஓ’லாக்லினும் கானும்தானே கதாநாயகர்கள், அவர்களுக்குக் கூடுதலாகத் தருவது தொழில் வழக்கம்தானே என்று சிலர் வாதிட்டார்கள். 2010இல், முதல் சீசனில், அதை ஏற்றுக்கொள்ளலாம். ஏழு ஆண்டு கழித்துமா? அந்த இருவரில் ஒருவர் அதற்கு முந்தைய சில சீசன்களில் பல எபிசோடுகளில் தோன்றவே இல்லை. அந்த வாரங்களில் கதையைச் சுமந்தவர்கள் யார்? மேலும் இது ஹவாயில் நடக்கும் கதை. அங்கே நான்கில் ஒருவர்தான் வெள்ளையர். பத்தில் ஏறத்தாழ நான்கு பேர் ஆசிய வம்சாவளியினர். அந்தத் தீவுகளின் முகமாகத் தொடரில் நின்றவர்கள் கிம்மும் பார்க்கும்தான். இதை நிறுவனமும் அறியும். திரைக்கு வெளியிலும் தொடரின் தூதர்களாக இருந்தவர்கள் என்று தன் பிரிவுச் செய்தியில் புகழ்ந்திருக்கிறது. தூதுக்கு முன்னால் அனுப்பியவர்களைச் சம்பளப் பட்டியலில் மட்டும் பின்னால் நிறுத்துவது என்ன நியாயம்?

இதே நிறுவனத்தில் ஒளிபரப்பான ‘தி பிக் பேங் தியரி’யில் 2017 தொடக்கத்தில் என்ன நடந்தது என்பதும் நினைவிருக்கும். பின்னால் வந்து சேர்ந்த இரண்டு நடிகைகளின் சம்பளம் உயரட்டும் என்று, நம் குணால் நய்யார் உட்பட ஐந்து மூத்த நடிகர்கள் எபிசோடுக்கு ஆளுக்கு ஒரு லட்சம் டாலரை விட்டுக்கொடுக்க முன்வந்தார்கள். நடிகர்கள் தங்கள் பையிலிருந்து எடுத்துக்கொடுத்துத்தான் ஏற்றத்தாழ்வைக் குறைக்க வேண்டும் என்றால், கணக்கு எழுதுகிறவர்களின் வேலை என்ன?

கிம் எளிதில் மேலே வந்தவர் அல்ல. பூசானில் பிறந்து, சிறு குழந்தையாக அமெரிக்கா வந்து, பென்சில்வேனியாவில் வளர்ந்தவர். ‘இஆர்’, ‘ஏஞ்சல்’, ‘24’ என்று பல ஆண்டுகள் துணை வேடங்கள். 2004இல் ‘லாஸ்ட்’ வந்தது. அதில் அவர் ஏற்ற ஜின், ஆங்கிலம் தெரியாத, மனைவியை அதட்டுகிற கொரியக் கணவன். ஆசியர்களுக்கென்று வைத்திருக்கும் பழைய அச்சுதானே இது என்று ஆசிய அமெரிக்கர்கள் பலர் முகம் சுளித்தார்கள். அந்த மனிதனுக்காகவே பார்வையாளர்கள் கண்கலங்கும்படி ஆறு சீசன்களில் செய்துகாட்டினார் கிம். ஆசிய நடிகருக்கு அடுத்த நல்ல வேடம் எப்போது கிடைக்கும் என்று யாராலும் சொல்ல முடியாத துறையில், 49 வயதை நெருங்கும்போது, நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் தொடரை விட்டு இறங்க எவ்வளவு துணிவு வேண்டும்! அந்த நிலைக்கு அவரைத் தள்ளியவர்களை எளிதில் மன்னிக்க முடியாது.

அவருடைய தகுதியை நிறுவனத்தினர் தவறாக எடைபோட்டது இது முதல் தடவையும் அல்ல. 2013இல் கொரியாவில் ஒளிபரப்பான ‘குட் டாக்டர்’ தொடரின் உரிமையை வாங்கிய கிம்மின் தயாரிப்பு நிறுவனம் அதை முதலில் எடுத்துச் சென்றது இவர்களிடம்தான். வேண்டாம் என்றார்கள். கிம் சொந்தப் பணத்தைப் போட்டு உரிமையை மீட்டு வேறிடம் போனார். 2017 செப்டம்பர் 25 அன்று ஏபிசியில் அதன் முதல் எபிசோடை 1.1 கோடிப் பேருக்கு மேல் பார்த்தார்கள். முழு சீசனுக்கும் ஒப்புதல் கிடைத்தது. (நாயகன் வேடம் அங்கேயும் ஒரு வெள்ளை நடிகருக்கே போனது என்பது தனியாக எழுதவேண்டிய வருத்தம்.) கையில் வந்த கதையையும் விட்டார்கள், கூடவே இருந்த நடிகரையும் விட்டார்கள்.

இன்னும் பின்னால் போனால் பட்டியல் நீள்கிறது. 2016இல் இவர்கள் அறிவித்த ஆறு புதிய தொடர்களிலும் வெள்ளை ஆண்களே தலைமை வேடத்தில். பத்திரிகையாளர்கள் கேட்டபோது, இன்னும் நன்றாகச் செய்ய வேண்டும் என்று ஒப்புக்கொண்டார்கள். சில மாதங்கள்தான் போயின. திருநங்கை நடிகை லாவெர்ன் காக்ஸ், திருநங்கை வழக்கறிஞராகவே நடித்த ‘டவுட்’ தொடரை 2017 பிப்ரவரியில் இரண்டே எபிசோடோடு நிறுத்தினார்கள். 1968இல் தொடங்கிய பழைய ‘ஹவாய் ஃபைவ்-ஓ’வும் இவர்களுடையதுதான். அதில் சின் ஹோவாக நடித்த காம் ஃபாங், ஹொனலூலு காவல்துறையில் உண்மையாகவே பணியாற்றியவர். பத்து ஆண்டு நடித்தார். நாயகனுக்குப் பக்கத்தில்தான் கடைசிவரை நின்றார். அரை நூற்றாண்டுக்குப் பிறகு அதே பெயரில் எழுதப்பட்ட பாத்திரத்துக்கும் அதே இடம்தான் என்றால், இத்தனை ஆண்டுகளில் இந்த நிர்வாகம் கற்றுக்கொண்டது எதுவும் இல்லை.

புதிதாக மேகன் ராத்தையும் பியூலா கோவாலேவையும் சேர்த்தோமே, திரையில் பன்முகத்தன்மை குறையவில்லையே என்று காட்டலாம். அவர்கள் திறமையை யாரும் குறை சொல்லவில்லை, அவர்கள் வளரட்டும். ஆனால் ஏழு ஆண்டு அனுபவமுள்ள இருவர் சமமாகக் கேட்டதும் கதவைக் காட்டிவிட்டு, அந்த நாற்காலியில் புதியவர்களை உட்கார வைப்பது எந்தக் கணக்கிலும் நியாயம் ஆகாது. அந்தப் புதியவர்கள் ஏழாவது ஆண்டில் இதே கேள்வியைக் கேட்டிருந்தால் இவர்கள் என்ன செய்திருப்பார்கள் என்பது அப்போதே தெரிந்துவிட்டது.

சம்பளத்தை முடிவு செய்யும் அறையில் உட்காருபவர்கள் மாற வேண்டும்; மாறாவிட்டால் அவர்கள் பார்வையாவது மாற வேண்டும். நடிகர் சங்கமும் விளம்பரம் தருபவர்களும் பார்வையாளர்களும் இதைக் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். கிம்முக்கும் பார்க்குக்கும் செய்ததை இன்னொரு நடிகருக்குச் செய்ய இவர்களை விடக்கூடாது.