கட்டிலருகே ஒரு கணக்குத் தீர்ப்பு

ஜப்பானிய இயக்குநர் மிகியோ நருசே ஷோச்சிகு ஸ்டுடியோவுக்காக எடுத்து 1934-இல் வெளிவந்த ‘முடிவில்லாத தெரு’, அவருடைய கடைசி மௌனப் படம். டோக்கியோவின் கின்ஸாவில் உணவகப் பணிப்பெண்ணான சுகிகோ, தன்னைக் காரால் இடித்த பணக்கார வீட்டுப் பையனையே கட்டிக்கொள்கிறாள். காதல் கதை அத்தோடு முடிந்திருக்கலாம். நருசேவுக்கு அங்கேதான் வேலையே தொடங்குகிறது. மாமியாரும் நாத்தனாரும் குலப்பெருமை பேசியே அவளை அரிக்கிறார்கள். கணவன் குடியில் ஒளிந்துகொள்கிறான்; எனக்கு அவன்மேல்தான் அதிக எரிச்சல். கடைசியில் அவன் விபத்தில் அடிபட்டு ஆஸ்பத்திரியில் கிடக்க, கட்டிலருகிலேயே சுகிகோ அந்த இருவரையும் பிடிபிடியென்று பிடிக்கிறாள்: உங்களுக்கு வேண்டியது அவரல்ல, வீட்டுப் பெயர்தான் என்று. பிறகு கிளம்பிவிடுகிறாள். சாகக் கிடக்கும் புருஷனை விட்டுப் போகலாமா? தாராளமாகப் போகலாம். அவளுக்காக அவன் என்றைக்கு உறுதியாக நின்றான்?