உதைக்கும் மாட்டை அடிக்கலாமா?

மாமல்லபுரத்தில் கிருஷ்ண மண்டபம் இருக்கிறது. அங்கே பாறையில் ஒரு பசு. ஆயர் ஒருவர் பால் கறக்கிறார். பசு தன் கன்றை நக்கிக் கொடுக்கிறது.

பல்லவர் காலத்துச் சிற்பி செதுக்கியது அது. கன்று பக்கத்தில் இருந்தால் பசு நன்றாகப் பால் சுரக்கும் என்பதைச் சுமார் 1,300 ஆண்டுகளுக்கு முன்பே அவர் கவனித்து இருக்கிறார்!

பால் இறங்குவது எப்படி?

கன்று முட்டும்போதும், மடியைத் தடவும்போதும் பசுவின் மூளையில் இருந்து 'ஆக்சிடோசின்' என்ற பொருள் ரத்தத்தில் கலக்கிறது. அது பாலைக் காம்புக்குத் தள்ளுகிறது. பசு மிரண்டால் 'அட்ரினலின்' சுரக்கும். அது பாலை இறங்க விடாது. அடிக்கிற கைக்குப் பால் குறையும்!

திமிரா, வலியா?

நேற்று வரை சாதுவாக நின்ற மாடு இன்று உதைக்கிறது. "திமிர்" என்று சிலர் கம்பை எடுக்கிறார்கள். அது தவறு. மடியைத் தொட்டுப் பாருங்கள். சூடு, வீக்கம் இருக்கிறதா? பால் திரித்திரியாக வருகிறதா? அப்படியானால் அது மடிநோய். மாட்டுக்குத் தேவை மருந்து, அடி அல்ல.

அசை போடாமல் நிற்பது, தீவனத்தை முகர்ந்துவிட்டுத் திரும்புவது, மந்தையை விட்டு ஒதுங்குவது, இவையும் நோயின் அறிகுறிகளே.

ஓர் எச்சரிக்கை! மாடு எச்சில் வடித்து, தண்ணீர் விழுங்க முடியாமல் தவித்தால், தொண்டையில் ஏதோ அடைத்து இருக்கிறது என்று வாயில் கையை விடாதீர்கள். அது வெறிநோயாகவும் இருக்கலாம். உடனே டாக்டரை அழையுங்கள்.

முதலையும் பழகும்

மாமல்லபுரத்துக்கு வடக்கே வடநெம்மேலியில் முதலைப் பண்ணை இருக்கிறது. 1976-ல் தொடங்கியது. அங்கே சில முதலைகளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் வரும்படி பழக்கினார்கள். அடித்து அல்ல, இரை கொடுத்து! மிரளாத பிராணியைப் பரிசோதிப்பது டாக்டருக்கு எளிது. முதலைக்கே அடி வேண்டாம் என்றால், வீட்டு லட்சுமிக்கு எதற்கு?

டாக்டர் மாட்டைப் பார்ப்பது சில நிமிடம். வீட்டுப் பெண்கள் பார்ப்பது நாள் முழுவதும். ஆகவே டாக்டர் ஊசியை எடுக்கும் முன் அவர்களைக் கேட்க வேண்டும். அவர்களும் கூச்சப்படாமல் சொல்ல வேண்டும்: "இது இரண்டு நாளாக இப்படி இல்லை, ஐயா!"

அந்த ஒரு சொல் மாட்டின் உயிரைக் காக்கும். அந்த மாட்டை நம்பி இருக்கும் குடும்பத்தையும் காக்கும்.