மலையின் ஒளியும் லயத்தின் இருளும்

மின்சாரத்துக்கு இனமில்லை, மொழியில்லை, வர்க்கமில்லை என்று கூறுவோர் உளர். கம்பியில் ஓடும் ஆற்றலைப் பொறுத்தவரை இது மெய்யே. ஆயின் அக்கம்பி எவ்வழியே செல்லவேண்டும், எவ்வாசலில் நிற்கவேண்டும் என்று தீர்மானிக்கும் கைக்கு வர்க்கம் உண்டு. இலங்கை மலைநாட்டு நீர்மின்சாரத்தின் வரலாறு இதற்குச் சான்று.

பொறியியலாளர் டீ. ஜே. விமலசுரேந்திர, மலையாறுகளிலிருந்து மின்சாரம் பெறும் திட்டத்தை 1918இல் முன்வைத்தார். அத்திட்டத்தின் பயனான லக்ஷபான நிலையம் 1950இல்தான் இயங்கத் தொடங்கியது. 1920களில் ஆரம்பித்த வேலையும் இடையில் நிறுத்தப்பட்டது. அந்நிய ஆட்சிக்கு நாட்டை ஒளியூட்டும் அவசரம் இருக்கவில்லை. ஆனால் தோட்டத்துரைமார் காத்திருக்கவில்லை. அருவிகளை மறித்துச் சிறு நீர்மின் பொறிகளை அமைத்தனர், தேயிலை ஆலைகள் சுழன்றன, பங்களாக்கள் ஒளிர்ந்தன. அதே அருவியோரத்து லயங்களில் மண்ணெண்ணெய் விளக்குகள் புகைந்துகொண்டிருந்தன. அறிவியல் அங்கு வந்து சேர்ந்திருந்தது; தொழிலாளியின் வாசலை மட்டும் அது மிதிக்கவில்லை.

லக்ஷபான திறக்கப்பட்ட காலத்தையும் நாம் நினைவில் கொள்ளவேண்டும். 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றோராக்கியது. 1949இல் அவர்தம் வாக்குரிமையும் பறிபோயிற்று. அடுத்த ஆண்டு, அவர்கள் கொழுந்து பறித்த மலைகளின் நீர் கொழும்பை ஒளிமயமாக்கியது. நீர் இந்நாட்டுக்கு உரியது. அந்நீர் இறங்கும் மலையைப் பொன்விளையும் பூமியாக்கியவர் மட்டும் இந்நாட்டுக்கு உரியவரல்லர்! இதற்கு மேலும் ஒரு கொடிய முரண் வேண்டுமோ?

1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 மக்களை இந்தியாவுக்கு அனுப்பிவிடத் தீர்மானித்தது. மறு ஆண்டு காசல்ரீ அணை எழுந்தது. அதன்பின் மவுசாகலை நீர்த்தேக்கம் பழைய மஸ்கெலியா நகரை விழுங்கியது. நீர் வற்றும் காலங்களில் அவ்வூரின் கோயில் இன்றும் தலைகாட்டுகிறது. 2012இல் 150 மெகாவாட் வலுவுள்ள மேல் கொத்மலை நிலையம் இயங்கத் தொடங்கியது. தலவாக்கலைப் பகுதியில் லயக்குடும்பங்கள் அதற்காக இடம்பெயர்ந்தன. அணைகள் பெருகின, மெகாவாட்டுகள் பெருகின. ஆனால் தோட்டக் குடும்பங்களில் பெரும்பாலானவற்றுக்குத் தாம் குடியிருக்கும் நிலத்தின் உறுதிப்பத்திரம் இன்றும் கையில் இல்லை.

இது மலையகத்தின் கதை. பரந்தனில் வாழும் நமக்கு இதில் என்ன உறவு என்று கேட்கலாம். உறவு இருமடங்கு. முதலாவது, 1970களின் தோட்டப் பஞ்சமும் 1977, 1983 ஆகிய ஆண்டுகளின் இனவன்செயல்களும் துரத்திய மலையக மக்கள் வன்னிக் காடுகளை வெட்டிக் கழனியாக்கினர். அவர்தம் பேரப்பிள்ளைகள் இன்று நம் வகுப்பறைகளில் அமர்ந்திருக்கின்றனர். இரண்டாவது, மின்சாரம் நின்றுபோனால் ஒரு நாடு எவ்வாறு நின்றுபோகும் என்பதை நம்மண் அறியும். ஆனையிறவு உப்பின் கரைசலில் மின்சாரத்தைச் செலுத்தி எரிசோடாவும் குளோரினும் தயாரித்த பரந்தன் இரசாயனத் தொழிற்சாலை போருடன் பாழாயிற்று. பொருளாதாரத் தடைக்காலத்தில் மண்ணெண்ணெயும் அரிதான வன்னியில், ஒரு தலைமுறை சிமினி விளக்கில் கற்றது. உயர்மின்னழுத்தக் கம்பிகள் வவுனியாவிலிருந்து கிளிநொச்சிக்கு மீண்டும் வந்தது 2009இல் போர் ஓய்ந்த பின்னரே. லயத்தின் இருளும் வன்னியின் இருளும் உடன்பிறந்தவை.

"அபிவிருத்தியை அரசியலாக்காதீர்" என்று நமக்கு அறிவுரை கூறுவர். அரசியலாக்கியவர் நாமல்லர். 2022 ஓகஸ்டில் மின்கட்டணம் சராசரியாக 75 விழுக்காடு உயர்ந்தபோது, மாதம் 30 அலகுக்கும் குறைவாகப் பாவிப்போருக்கு அது 264 விழுக்காடு உயர்ந்தது. ஒற்றை மின்குமிழ் எரிப்பவன் மீது மிகப்பெரிய சுமை! இதைக் கணக்கு என்பார் கணக்கர். நாம் வர்க்க நீதி என்போம்.

நாம் அணைகளுக்குப் பகைவரல்லர். எரிநெய்க் கப்பலை எதிர்பார்த்து இருளில் கிடந்த 2022ஐ அறிந்த எவரும் நீர்மின்சாரத்தை இகழார். நாம் கேட்பது வேறு. ஆற்றை அளித்த மலையின் மக்களுக்கு நில உறுதி வேண்டும். சிறு பாவனையாளருக்குத் தாங்கக்கூடிய கட்டணம் வேண்டும். மின்துறை இலாப வேட்டைக்காரர் கைக்குப் போகாது பொதுவுடைமையாய் நிற்கவேண்டும். 1920இல் நாடு முழுவதையும் மின்மயமாக்கும் திட்டத்தை முன்வைத்த லெனின், அதனை உழைப்பாளர் ஆட்சியுடன் இணைத்தே பேசினார். மின்பொறியும் அதிகாரமும் வெவ்வேறு கைகளில் இருக்குமட்டும், ஒளி மேட்டையே நாடும் என்பதை அவர் அறிந்திருந்தார்.

ஆசிரியத் தோழர்களே, மாணவ நண்பர்களே! நீர்மின்சாரத்தைப் பற்றிப் பாடம் வரும்போது, விழும் நீரின் விசையோடு நின்றுவிடாதீர்கள். அந்நீருக்கு அணையெழுப்பிய கைகளையும், அணையில் அமிழ்ந்த ஊரையும், கடைசியாக ஒளிபெற்ற குடிலையும் சேர்த்துச் சொல்லுங்கள். அப்போதுதான் பாடம் முழுமை பெறும்.