அப்பத்துக்கு ஊர்ச் சான்றிதழ் கொடுப்பவர்களுக்கு

லண்டனில் விடுமுறை கழித்துவிட்டு வந்த சக ஆசிரியர் ஒருவர் ஸ்டாஃப்ரூமில் 'யோக்ஷயர் புடிங்' பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார். மா, முட்டை, பால் கலந்த தண்ணிக் கரைசல். கொழுப்பு புகையப் புகையச் சூடான தட்டில் ஊற்றி அவணில் வைத்தால் கிண்ணம் மாதிரி உப்பி எழும்புமாம். சுட்ட இறைச்சியோடும் குழம்போடும் சாப்பிடுவார்களாம். "எங்கட அப்பம் மாதிரித்தான் டீச்சர்" என்றார். ஆசையாகக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

அடுத்ததாக ஒன்று சொன்னார். "ஆனா கள்ளு விட்டுப் புளிக்க வைக்காட்டி அது யாழ்ப்பாண அப்பமே இல்லை. உங்கட ஆக்கள் சுடுறது வேற சாமான்."

நாலைந்து பேர் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்த பிறகுதான் சுட்டது.

நான் விஞ்ஞானம் படிப்பிக்கிறவள். அதனால் அதிலிருந்தே தொடங்குகிறேன். அப்பத்தை உப்ப வைப்பது கள்ளு அல்ல, கள்ளில் இருக்கும் மதுவம். அது சீனியைத் தின்று காபனீரொட்சைட்டை விடுகிறது. அந்த வாயுதான் மாவில் கண் கண்ணாக ஓட்டை போடுகிறது. பாணிலும் நடப்பது இதே நொதித்தல்தான். எங்கள் உம்மம்மா பச்சையரிசியை இடித்து, கப்பியைக் கஞ்சியாகக் காய்ச்சிச் சேர்த்து, இளநீரும் கொஞ்சம் சீனியும் விட்டு இரவு முழுக்க மூடி வைப்பார். காலையில் முதற்பால் விட்டு, அப்பச்சட்டியைச் சுழற்றி எடுத்தால் ஓரம் முறுகும், நடு பஞ்சாக இருக்கும். இறைச்சி ஆணத்தோடு பெருநாள் காலையில் அதைச் சாப்பிட்டவர்களுக்குத் தெரியும். கள்ளுக்குத் தனி வாசம் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் வாசம் வேறு, ஊர் வேறு.

நண்பர் புகழ்ந்த புடிங்கில் கள்ளுமில்லை, மதுவமுமில்லை. கரைசலில் உள்ள நீர் கடும் சூட்டில் ஆவியாகி உள்ளிருந்து தள்ளுகிறது, அவ்வளவுதான். ஆதியில் அதை நெருப்பில் சுழலும் இறைச்சிக்குக் கீழே வைத்து, சொட்டும் கொழுப்பைப் பிடித்தார்கள். இறைச்சிக்கு முன்னால் அதைக் குழம்போடு பரிமாறி வயிற்றை நிரப்பினார்கள், இறைச்சி கொஞ்சம்தான் என்பதால். 1747இல் ஹன்னா கிளாஸ் என்ற பெண் அந்தப் பெயரிலேயே செய்முறையைப் புத்தகத்தில் எழுதினார். 2008இல் பிரித்தானிய இரசாயனவியல் சங்கம், நான்கு அங்குலம் எழும்பாவிட்டால் அது யோக்ஷயர் புடிங்கே இல்லை என்று அறிவித்தது. அதற்காக, தட்டையாக வந்துவிட்டது என்று எந்த வீட்டுக்காரியையும் யாரும் யோக்ஷயரை விட்டு அனுப்பவில்லை.

எங்களை அனுப்பினார்கள். 1990 ஒக்டோபர் 30. இரண்டு மணித்தியால அவகாசம். சோனகதெருவில் அப்பச்சட்டியை அடுப்படியிலேயே விட்டுவிட்டுத்தான் உம்மம்மா வெளிக்கிட்டார். நான் பிறந்தது புத்தளத்தில், ஓலைக் கொட்டிலில். அங்கே கடன் வாங்கிய சட்டியில் சுட்டபோதும் அவர் அதை "யாழ்ப்பாணத்து அப்பம்" என்றுதான் சொன்னார். புத்தளத்துப் பிள்ளைகளிடம் நாங்கள் யாழ்ப்பாணத்தார். போர் முடிந்து இங்கே திரும்பி வந்தால் "உங்கட ஆக்கள்". அப்போ நாங்கள் எந்த ஊர்?

"சாப்பாட்டுக் கதையைப் போய்ப் பெரிசாக்குறீங்க" என்று சிலர் எழுதுவீர்கள். பெரிதாக்கியது நானில்லை. எது யாழ்ப்பாணம், எது இல்லை என்று பிரித்துச் சொல்லும் அதிகாரத்தை யார் யாரிடமிருந்து வாங்கினார்கள் என்பதுதான் என் கேள்வி.

இன்னொன்றும் கேட்கிறேன். கள்ளை இன்று பண்பாட்டின் அடையாளமாகத் தூக்கிப் பிடிக்கிறோம். அதை இறக்கித் தந்தவரை இதே மண் எங்கே நிறுத்தியது? தேநீர்க் கடைக்குள் இருந்து தேநீர் குடிப்பதற்கே 1960களில் போராட வேண்டியிருந்ததே. கள்ளு யாழ்ப்பாணம், இறக்கியவர் படலைக்கு வெளியே. இது என்ன நியாயம்?

எங்கள் பக்கத்துக்கும் ஒரு வார்த்தை. "அவங்கட வீட்டு அப்பம் எல்லாம் கள்ளுதான்" என்று கேட்காமலே முகம் சுளிப்பவர்கள் நம்மிலும் இருக்கிறார்கள். கள்ளு நமக்கு ஆகாது, அதில் பேச்சில்லை. ஆனால் ஒரு வார்த்தை கேட்பதற்கு என்ன வந்தது? என் பக்கத்து வீட்டு அக்கா நான் குடிவந்த முதல் மாதமே மதிலுக்கு மேலால் எட்டிப் பார்த்து, "பிள்ளை, உமக்கெண்டு தனியா மா புளிக்க வைச்சிருக்கிறன். இளநிதான் விட்டது, பயப்பிடாமச் சாப்பிடும்" என்று தட்டை நீட்டினார். அவர் வீட்டில் அன்று இரண்டு பானை மா. இரண்டும் ஒரே சட்டியில்தான் வெந்திருக்கும் என்று எங்கள் வீட்டிலேயே ஒருவர் இழுத்தார். அக்கா அதையும் யோசித்திருந்தார். என்னுடையதை முதலில் சுட்டிருக்கிறார்.

எனக்குத் தெரிந்த யாழ்ப்பாணம் அந்த அக்காவின் அடுப்படி. சான்றிதழ் கொடுக்க விரும்புகிறவர்கள் அவரிடம் கேட்டுவிட்டு வாருங்கள்.

ஸ்டாஃப்ரூம் நண்பருக்கு: திங்கட்கிழமை அப்பம் கொண்டு வருகிறேன். சாப்பிட்டுவிட்டு எந்த ஊர் என்று சொல்லுங்கள்.