பழைய ஆட்டமே போதும் என்பவர்கள்

துப்பாக்கி சுடும் ஆட்டத்தைப் பற்றிப் பள்ளி மலரில் எழுதலாமா என்று பெரியோர் சிலர் நெற்றியைச் சுருக்கலாம். நான் ஆட்டத்தைப் புகழ வரவில்லை. அதனை ஆடுவோரின் பிடிவாதத்திற்காகவே பரிந்து பேச வந்தேன்.

'கவுண்டர்-ஸ்டிரைக்' 1999-இல் தோன்றியது. 'ஹாஃப்-லைஃப்' என்னும் வேறோர் ஆட்டத்தை இரு இளைஞர்கள் மாற்றியமைத்து அதனை உருவாக்கினர். பின்னர் வால்வ் நிறுவனம் ஏற்றுக்கொண்டது. 1.6 எனப்படும் பதிப்பு 2003-இல் வெளிவந்தது. அடுத்த ஆண்டே, கண்ணைப் பறிக்கும் படங்களுடன் 'சோர்ஸ்' என்ற புதுப் பதிப்பு வந்தது. ஆயினும் தேர்ந்த ஆட்டக்காரர் பலர் 1.6-ஐ விடவில்லை. 2011-இல் தென்கொரியாவின் பூசான் நகரில் நடந்த உலக சைபர் விளையாட்டுப் போட்டியிலும் 1.6-தான் ஆடப்பட்டது.

இதனைச் சோம்பல் என்று தள்ளுவது நியாயமன்று. துப்பாக்கி சுடச்சுட மேல்நோக்கி எழும்பும். அதற்கு ஈடாக மவுஸை எவ்வளவு கீழே இழுக்க வேண்டும் என்பதை, ஆயிரக்கணக்கான சுற்றுகளில் அவர்களுடைய கை கற்றிருக்கிறது. 'டஸ்ட் 2' களத்தில் எதிரணி நடுக்கதவை எப்போது எட்டும் என்பதும் மனப்பாடம். புதுப் பதிப்பிலோ துப்பாக்கியின் உதைப்பே வேறு. குண்டு பட்டால் பீப்பாய்கள் உருளும். ஆர்மோனியத்தின் கட்டைகளை அகலமாக்கிவிட்டு, "அதே பாட்டுத்தானே, வாசி" என்றால் நம் பாடகர் குழு அக்கா என்ன செய்வார்?

இன்னொன்று, பழைய பதிப்பு எளிய கணிப்பொறியிலும் ஓடும். பெற்றோர் இதனைக் கவனிப்பார்களாக! விருப்பமுள்ள எவரும் சொந்தமாக சர்வர் அமைத்து நண்பர்களை அழைக்கலாம்.

புதியது எல்லாம் தீது என்று நான் சொல்லவில்லை. 2012-இல் வந்த 'குளோபல் அஃபென்சிவ்' முதலில் குறை கூறப்பட்டாலும், திருத்தங்களுக்குப் பின் பெருங்கூட்டத்தை ஈர்த்தது. அவர்கள் விரும்பிச் சென்றனர். ஆனால் 2023 செப்டம்பரில் 'கவுண்டர்-ஸ்டிரைக் 2' வந்தபோது நடந்தது வேறு. முந்தையதன் அருகில் அல்ல, அதன் இடத்திலேயே புதியதை வைத்தனர். மாக் கணிப்பொறி வைத்திருந்தோருக்கு அதில் இடமே இல்லை. விற்றவரே பின்னாளில் வந்து, வாங்கியவர் பழகிய பொருளை அகற்றிவிட்டு வேறொன்றை வைப்பது எந்த வகை வியாபாரம்?

1.6-ஐ மட்டும் அப்படி யாரும் அகற்றவில்லை. இன்றும் யாரோ ஒருவருடைய சர்வரில் அது ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.